நெய்த உலகும் அதனை அளக்குங் கோலும்

உலகங்களெல்லாம் பாவும் ஊடையுமாக நெய்யப்பட்டவை என்றும், அவற்றுள் எது உறுதியாய் நிற்கும், எது இழை பிரிந்துபோம் என்பதை எண்ணாற் காட்டுங் கருவியொன்று உளதென்றும் ஒரு கதைக்காரன் கற்பித்தானென வைத்துக்கொள்வோம். நூறு என்று காட்டினால் அவ்வுலகம் முழு உண்மை. பத்து என்று காட்டினால் பெரும்பாலும் பொய். கதையளவில் இஃது இனிதே. ஆயின், நம்மிற் பலர் இக்கருவியைக் கதைக்கு வெளியிலும் கையிற் கொண்டு திரிகின்றனர். நில்லாதது உண்மையன்று என ஒருவர் கூறும்பொழுதெல்லாம், அவர் நிலைபேற்றை அளந்து உண்மையைத் தீர்க்கின்றார். அஃது அளவைப்போலி என்பது எம் கருத்து.

இவ்வழக்குப் புதியதன்று. கி. மு. 399 இல் சோக்கிரதீசர் நஞ்சுண்டு இறந்த நாளிற் சிறையில் நிகழ்ந்த உரையாடலாகப் பிளேட்டோ எழுதிய ‘பீடோ’ என்னும் நூலிலே, தீப்ஸ் நகரத்துக் கேபேஸ் என்பான் ஒரு நெசவாளன் கதையைக் கொணர்ந்து நிறுத்துகின்றான். முதிய நெசவாளன் ஒருவன் இறந்துவிட்டான். அவன் தானே நெய்து போர்த்த போர்வை கிழியாமற் கிடக்கின்றது. ஒருவன் வந்து, மனிதன் நெடுங்காலம் நிற்பானோ, உடுக்கும் ஆடை நிற்குமோ என வினவுகின்றான். மனிதனே என விடை வருகின்றது. அங்ஙனமாயின், நிலைபேறு குறைந்த போர்வையே அழியாதிருக்க, நெசவாளன் அழிந்திருப்பானோ என்று அவன் சாதிக்கின்றான். இது பேதைமை என்கின்றான் கேபேஸ். அந்நெசவாளன் எத்தனையோ போர்வைகளை நெய்து உடுத்துத் தேய்த்தவன். அவற்றுக்கெல்லாம் பிந்தி, கடைசிப் போர்வைக்கு மட்டும் முந்தி மாண்டான். அதனால் மனிதன் போர்வையினுந் தாழ்ந்தவனாகான். கேபேஸ் இக்கதையை ஆன்மாவும் ஒருநாள் அழியுமோ என்னும் ஐயத்துக்குத் துணையாக்கினான். அவ்வையம் நமக்கு உடன்பாடன்று. உவமை மட்டும் நமக்குப் பயன்படும். நம் கதைக்காரனது கருவியைப் போர்வைமேல் வைத்தாற் பெரிய எண். நெய்தவன்மேல் வைத்தாற் பூச்சியம்.

மேலும், அளக்குங் கோல் எந்த நூலால் ஆயது? பாரிஸ் நகருக்கு அண்மையிலுள்ள செவ்ர் என்னுமிடத்தில், பிளாட்டினமும் இரிடியமும் கலந்த சிறு உருளையொன்று 1889 ஆம் ஆண்டு தொடக்கம் உலகத்துக் கிலோகிராமாக வைத்துக் காக்கப்பட்டது. ஒரு நூற்றாண்டு கழித்து அதன் படிகளோடு ஒப்பிட்டபொழுது ஏறக்குறைய 50 மைக்கிரோகிராம் வேறுபாடு தோன்றிற்று. உருளை இளைத்ததோ, படிகள் பருத்தனவோ? உருளையே கிலோகிராம் என்பது இலக்கணமாதலின், அஃது இளைத்தாலுங் கிலோகிராமே! 2019 இல் அறிஞர் அவ்வுருளையை விடுத்து, பிளாங்கின் மாறிலியைப் பற்றி நிறையை வரையறுத்தனர். கதைக்காரனது கருவிக்கோ அவ்வழியும் இல்லை. அதுவும் அவ்வுலகத்து இழைகளால் ஆயதே. உலகு தளருங்கால் கோலும் உடன்றளரும். எண் மட்டும் நூறாகவே நிற்கும்.

நம் முன்னோர் இவ்விடத்து நிதானமாக நின்றனர். அருணந்தி சிவாசாரியார் சிவஞானசித்தியாரிலே அளவையை முதற்கண் வகுத்து, பிறர் பத்தெனவும் விரிப்பவற்றைக் காண்டல், கருதல், உரை என்னும் மூன்றனுள் அடக்குவர். இவை ஒரு பொருள் உளதோ என ஆராய்வன. எத்துணைக் காலம் உளது என்பது வேறு வினா. ஆதலினன்றோ சித்தாந்திகள் உலகை அசத்து என்றுகூறியும் இல்பொருள் என்னாராயினர். அசத்தென்பது நிலைமாறுவது. நூலில் அடங்கியிருந்த ஆடை வெளிப்படுதல்போல மாயையினின்று உலகு தோன்றி மீள ஒடுங்கும்; ஒடுங்குதல் இன்மையாகாது. ஆடை நூலின் வேறாய புதுப்பொருளென வைசேடிகரும், வெறும் இழைத் தொகுதியெனப் பௌத்தரும் கூறும் வழக்கு நெடியது, ஈண்டு வேண்டா.

இவ்வேறுபாடு பள்ளிக்கூடத்துக்கு எற்றுக்கு என வினவலாம். காலையுணவின்றி வந்து கடைசி வாங்கிலே தலைசாய்த்திருக்கும் பிள்ளையின் பசி, உச்சிப்பொழுதிற் கஞ்சி கிடைத்தால் தீர்ந்துபோம். மூன்று மணி நேரமே நிற்பது. நிலைபேற்றை அளக்குங் கருவி அதற்கு ஒன்றோ இரண்டோ காட்டும். ‘எல்லாம் மாயை’ என்று சொல்லி அப்பிள்ளையைக் கடந்துபோகும் ஆசிரியன், மாயை உள்பொருள் என்பது சித்தாந்தமென்பதையும் மறந்து, அவ்வெண்ணையே வாசிக்கின்றான். (அவனுக்குச் சம்பளம் ஒருநாட் பிந்தினால் அதனையும் மாயையென்று விடுவானோ, அறியேம்.) நிலையாமையைக் கற்பித்தல் தவறோ எனின், அன்று. அது தன் உடன்மேலும் தன் பொருண்மேலும் வைத்து எண்ணுதற்கு உரியது. பிறன் துன்பத்தின்மேல் அதனை வைத்தளக்க எந்நூலும் நமக்கு அதிகாரந் தரவில்லை.

மேல்வகுப்பு மாணாக்கர்க்கு இதனை விளக்கப் புகுவார்க்கு ஒரு வழி உண்டு. கைக்குட்டையளவு துணியொன்றை நிறுத்து, பின் இழையிழையாகப் பிரித்து அவ்விழைகளையும் நிறுக்கச் செய்க. தராசு வேறுபாடு காட்டாது. பின்பு அவ்விழைக் குவியலிலே ஒரு பிடி அரிசியை முடியச் சொல்லுக. தராசு அறியாத எது போயிற்று என்று வினவினால், விடைகள் பலவாக வரும். அவற்றுட் சில ஆசிரியனையுந் திகைப்பிக்கும்.