முதல் யாருடையது?

மாதவரத்தில் நான் பாடம் நடத்தும் வகுப்பில் ஒருநாள் கேட்டேன்: "தமிழின் முதல் பேசும் படம் எது?"

"காளிதாஸ்!" என்றனர் மாணவர்.

"எந்த ஆண்டு?"

"1931!"

"அதைத் தயாரித்தவர் யார்?"

வகுப்பே ஊமைப்படமாயிற்று!

தயாரித்தவர் அர்தேஷிர் இரானி. 1886இல் பூனாவில் பிறந்தவர். பம்பாயில் இம்பீரியல் பிலிம் கம்பெனியை நடத்தியவர். 1931 மார்ச் 14இல் 'ஆலம் ஆரா' வழியே இந்தியத் திரையைப் பேசவைத்தார். அதே ஆண்டு அக்டோபரில் வந்தது 'காளிதாஸ்'. அதில் நாயகன் தெலுங்கில் பேசினான். நாயகி தமிழில் பேசினாள்! 1933இல் பாரசீக மொழியின் முதல் பேசும் படமான 'தொக்தரே லோர்' அவரிடமிருந்தே வந்தது. ஆம், ஈரானியத் திரை பேசக் கற்றது ஈரானில் அல்ல, பம்பாயில்!

முதல் படம் தந்தவர், முதல் போட்டவர் என்று அவரைப் போற்றுகிறோம். போற்றுவோம். ஆனால், முதல் போட்டவர் அவர் ஒருவர்தானா?

'காளிதாஸ்' நாயகி டி.பி. ராஜலட்சுமி, குழந்தை மணத்தின் கொடுமையிலிருந்து மீண்டு மேடையேறியவர். நடிக்க வந்த பெண்ணை நாடு ஏளனம் செய்த நாளில், தன் நற்பெயரையே முதலாக வைத்தார். வென்றார், 1936இல் 'மிஸ் கமலா'வைத் தாமே எழுதி, தயாரித்து, இயக்கவும் செய்தார்.

பாரசீகப் படத்தின் நாயகி ரூஹங்கீஸ் சாமிநெஜாத். அவரும் அதே முதலைத்தான் வைத்தார். படம் வென்றது, அவர் தோற்றார். திரையில் கண்டு களித்த சமூகமே அவரைத் தூற்றியது. ஒதுங்கி, முகம் மறைத்து வாழ்ந்து, 1997இல் மறைந்தார். பாரசீகத் திரையில் முதலில் பேசிய பெண், பேச்சற்று வாழ்ந்தார்!

"கூலி கொடுத்தாயிற்று, கடமை முடிந்தது" என்பார் உண்டு. இங்கே, எண்ணூர்வரை நீளும் ஆலைகளில், எந்திரத்தில் ஒருவன் விரலை இழந்தால் கூலியோடு கணக்கை முடிக்க விடுகிறோமா? இழப்பீடு எங்கே என்று கேட்கிறோமே! விரலுக்குள்ள விலை ஒரு பெண்ணின் வாழ்வுக்கு இல்லையா? பணம் போட்டவர் இழந்தால் மீண்டும் ஈட்டலாம். பெயரை இழந்தவள் எங்கே போய் ஈட்டுவாள்? ஆபத்துள்ள வழியில் ஒருத்தியை அழைத்துவரும் எந்தத் தயாரிப்பாளரும், அவளது துணிவையும் முதலாகக் கணக்கில் எழுதவேண்டும்.

ஆனால் தோழர்களே, ஆலையில் விரலை நறுக்கியது எந்திரம். அந்தப் பெண்ணின் வாழ்வை நறுக்கியது காமிராவா? இல்லை, பார்வையாளரின் நாக்கு! இருட்டில் கைதட்டிவிட்டு வெளிச்சத்தில் காறி உமிழ்ந்த நாக்கு! ஆகவே, கடன்காரர் முதலாளி மட்டுமல்லர்; சீட்டு வாங்கிய ஒவ்வொருவரும்தான்.

நாளை தேநீர்க் கடையில் ஒரு நடிகையைப் பற்றி இழிவாகப் பேச வாயெடுக்குமுன் எண்ணிப் பாருங்கள்: அந்தப் பழைய கடனில் நம் பங்கு எவ்வளவு?