திரும்பிய காசோலையும் சிறைவாசமும்

ஊரப்பாக்கத்தில் ஜி.எஸ்.டி. சாலையை ஒட்டி, புதுமனை கட்டுவோரை நம்பிப் பிழைக்கும் கடைகளில் சிமெண்டும் கம்பியும் ரொக்கத்துக்கு விற்பதைவிடக் கடனுக்குப் போவதே மிகுதி. லோடு இறங்கும் அன்று, ஒரு மாதம் தள்ளித் தேதியிட்டு மேஸ்திரி எழுதித் தரும் காசோலையே கடைக்காரருக்கு மிஞ்சும் ஒரே பிடிமானம். அக்காசோலை, கணக்கில் போதிய பணமில்லை என்ற வங்கிக் குறிப்போடு திரும்பி வருமாயின், எழுதியவரைச் சிறைக்கு அனுப்புவது நியாயமா, அன்றி அதைக் கொடுக்கல் வாங்கல் தகராறாக மட்டும் கருதி உரிமையியல் நீதிமன்றத்துக்கு விட்டுவிடுவது நியாயமா என்பது எளிதில் தீராத தர்மசங்கடம்.

1881ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டம் நூறாண்டுக்கு மேலாகக் காசோலை திரும்புவதைக் குற்றமாகக் கருதவில்லை. ஏமாற்றும் எண்ணம் தொடக்கத்திலேயே இருந்தது என்று நிரூபித்தாலன்றி தண்டனை இல்லை. 1989 ஏப்ரல் 1 முதல் 138ஆவது பிரிவு அந்நிலையை மாற்றியது. இன்று ஈராண்டு வரை சிறையோ, காசோலைத் தொகையில் இருமடங்கு வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம். ஆயினும் நோட்டீஸ் கிடைத்த பதினைந்து நாளுக்குள் பணத்தைக் கட்டிவிட்டால் குற்றமே பிறப்பதில்லை. களவாடியவன் பொருளைத் திருப்பிக் கொடுத்தாலும் களவு களவே. இங்கோ பணம் வந்த மாத்திரத்தில் அபராதி நிரபராதியாகிறான். ஆகவே சட்டம் நாடுவது சிட்சையை அன்று, வசூலை என்பது வெளிப்படை.

வறுமையால் கடனைத் தீர்க்க இயலாதவனைச் சிறையிலிடுவது மனித கண்ணியத்துக்கு விரோதம் என்றும், வேண்டுமென்றே ஏய்ப்பவனுக்கே அது பொருந்தும் என்றும் 1980இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர் தீர்ப்பளித்திருந்தார். பத்தாண்டு முடியுமுன் வந்த 138ஆவது பிரிவுக்குத் துணையான 140ஆவது பிரிவோ, காசோலை திரும்பும் என்று கருத எனக்குக் காரணமில்லை என்ற சமாதானத்தையே ஏற்பதில்லை. வீட்டுக்காரருக்கு வங்கிக்கடனின் அடுத்த தவணை வரவில்லை, அதனால் மேஸ்திரிக்குத் தளம் போட்ட பணம் வரவில்லை, அதனால் காசோலை திரும்பிற்று என்றால், அதில் வஞ்சகம் எங்கே?

இவ்வளவு சொல்லியும், 138ஆவது பிரிவை எடுத்துவிட வேண்டும் என்ற அபிப்பிராயத்துக்கு உடன்படுதல் அரிது. 2020இல் மத்திய நிதி அமைச்சகம் அவ்வாறே யோசித்து, பின் கைவிட்டது. அறிமுகமற்றவனுக்கு ஐம்பது மூட்டை சிமெண்டைக் கடனாகக் கொடுக்கும் சிறு வியாபாரி, கட்டணம் கட்டி வழக்காடி, ஆண்டுகள் காத்திருந்து தீர்ப்பு பெற்று, பின் அதை நிறைவேற்றவும் அலைய வல்லவன் அல்லன். அவன் முதலும் பிறருடைய கடனே. மேஸ்திரியின் சங்கடத்துக்கு இரங்கும் நாம், அதைக் கடைக்காரன் தலையில் இறக்கிவைக்கச் சம்மதிக்கலாகாது.

அறம் பிறழ்வது வேறோர் இடத்தில். சரக்கு கைமாறியபின் தொகையும் தேதியும் எழுதித் தரும் காசோலை ஒரு வாக்குறுதி. கடன் கேட்டு வந்தவனிடம் பணம் கொடுக்குமுன்பே 'செக்யூரிட்டிக்கு' என்று கையெழுத்து மட்டும் போட்ட நான்கைந்து தாள்களை வாங்கிப் பூட்டி வைப்பது பிணை. இருவகையையும் சட்டம் ஏறக்குறைய ஒன்றாகவே நடத்துகிறது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற கலாமணி டெக்ஸ் வழக்கில், 2000ஆம் ஆண்டுக் காசோலை ஒன்றைப் பற்றி 2021இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது, மனமொப்பிக் கையெழுத்திட்டுக் கொடுத்த வெற்றுக் காசோலைக்கும் கடன் உண்டென்ற அனுமானம் பொருந்தும் என்றது. மனமொப்பி என்பதை, மகளின் கலியாணச் செலவுக்கு மாலைக்குள் பணம் வேண்டி நிற்பவனிடம் எவ்வாறு அளப்பது? இடையில் கழிந்த இருபதாண்டை நோக்க, கொடுத்தவனுக்கும் வாங்கியவனுக்கும் அவ்வழக்கு என்ன சுகம் தந்திருக்கும் என்பது தனிக்கேள்வி.

அந்த அனுமானத்தைக் கடைக்காரனுக்கு விட்டுவைக்கலாம். பில்லும் லோடு இறங்கிய சீட்டும் அவனிடம் இருக்கும். வெற்றுத் தாளை வாங்கி வைத்தவனோ, எவ்வளவு கொடுத்தான், என்ன வட்டி, எவ்வளவு திரும்பப் பெற்றான் என்ற கணக்கை முதலில் நீதிமன்றத்தின் முன் வைத்தபிறகே பிறனைச் சிறைக்கு அனுப்பக் கேட்கும் யோக்கியதை பெறுவான்.