நடிக்காதவனின் நடிப்பு

மேடையில் பாடும் ஒருவன் திரையிலும் தோன்றும்போது, அவனுக்கு நடிக்கத் தெரியுமா என்றே நாம் கேட்கிறோம். அவன் நடிக்க மறுத்தால் என்ன நிகழும்? சோவியத் ரொக் பாடகர் விக்டர் த்சோயின் வாழ்வு இவ்வினாவை நம்முன் வைக்கின்றது.

1962இல் லெனின்கிராட்டில் பிறந்தவர். தந்தை கொரிய வம்சாவளியினர், தாய் ரஷ்யர். அவர் தலைமையேற்றுப் பாடிய குழுவின் பெயர் 'கினோ'. சினிமா என்பது அதன் பொருள். தொழிலின்றி இருப்பதே குற்றமாகக் கருதப்பட்ட நாட்டில், கொதிகலன் அறையொன்றில் நிலக்கரி அள்ளிப்போடும் வேலையை அவர் ஏற்றார். சோறு வேறிடத்திலிருந்து வந்ததால், பாட்டு எவருடைய தயவுக்கும் காத்திருக்கவில்லை.

1987இல் வெளிவந்த 'அஸ்ஸா' படத்தின் இறுதியில், உணவக நிர்வாகி விதிமுறைகளை வாசித்துக்கொண்டிருக்க, அவர் எழுந்து சென்று மாற்றத்தை வேண்டிப் பாடுகிறார். ரஷீத் நுக்மனோவ் இயக்கிய 'ஊசி' (1988) படத்தில், தோழியைப் போதைப்பொருளிலிருந்து மீட்க முயல்பவராக வருகிறார். இரண்டிலும் மேடையில் நின்ற அதே மனிதர்தான். அதே நடை, அதே மௌனம். 'ஊசி'யின் முடிவில் பனி படர்ந்த தெருவில் கத்திக்குத்துக்கு உள்ளாகி முழந்தாளிடுகிறார். பின்னர் எழுந்து நடந்து போகிறார்.

1990 ஒகஸ்ட் 15இல் லத்வியாவில் நிகழ்ந்த வீதி விபத்திலிருந்து அவர் எழவில்லை. வயது 28. மொஸ்கோவின் அர்பாத் தெருச் சுவரிலோ 'த்சோய் உயிரோடிருக்கிறார்' என்று ரசிகர்கள் எழுதினர்.

வேடம் தரிப்பவன் அதைக் கழற்றிவைத்துவிட்டு வீடு திரும்பலாம். வேடமே தரிக்காதவனுக்கு அந்த வசதி இல்லை. மனிதனுக்கும் பிம்பத்துக்கும் இடையே இடைவெளி இல்லாதபோது, கூட்டம் மனிதனையே எடுத்துக்கொள்கின்றது. நேர்மைக்கு இப்படியும் ஒரு விலை உண்டு. சாவதற்கான உரிமையைக்கூட அவனுக்கு விட்டுவைக்க ரசிகர்களுக்கு மனம் வருவதில்லை. இது அன்புதான். ஆயினும் அவன் செய்யவேண்டியிருந்ததை அவனே வந்து செய்வான் என்று காத்திருக்கும் சோம்பலும் அதில் கலந்திருக்கின்றது.

மாற்றம் பற்றிய அப்பாடல் அரசியலுக்காக எழுதப்பட்டதன்று என அவரது நண்பர்கள் கூறியுள்ளனர். எனினும் 2020 ஒகஸ்டில், பெலாரஸின் மின்ஸ்க் நகரில் அரச நிகழ்வொன்றின்போது அதனை ஒலிக்கவிட்ட இரு ஒலி இயக்குநர்கள் பத்து நாள் சிறை சென்றனர். பாடியவரின் நோக்கம் எதுவாயினும், அன்று அப்பாடல் அவர்களுடையதாயிற்று. அதற்கான விலையை அவர்கள் தாமே செலுத்தினர்.

இறந்த கலைஞனை உயிரோடிருப்பதாகச் சொல்வதற்குச் சுவரும் வர்ணமும் போதும். அவன் சொல்லை உயிரோடு வைத்திருக்க, சிறை செல்லவும் துணிந்த அந்த இருவரைப் போன்றோர் வேண்டியிருக்கின்றது.