ஜம்ஷீத் என்றொரு பெயர்

பிள்ளை பிறந்த வீட்டில் பெயர்ப் பேச்சு எடுத்தால் முதலில் வரும் கேள்வி, "அதுக்கு என்ன அர்த்தம்?" என்பதுதான். நட்சத்திரம், எண்கணிதம், தாத்தாவின் பெயர், குலதெய்வம் எல்லாம் அதற்குப் பின்னால்தான் வரிசையில் நிற்கும். கேள்வி நியாயமானது. ஆனால் கிடைக்கும் பதில் பெரும்பாலும் ஒரே சொல்லில் முடிந்துவிடுகிறது: வெற்றி, ஒளி, அறிவு, அழகு. ஒரு மனிதன் ஆயுள் முழுக்கச் சுமக்கப்போகும் பெயரை அந்த ஒரு சொல்லை வைத்து மட்டும் தீர்மானித்துவிடலாமா? லக்கலவில் கடை வைத்திருக்கும் நண்பர் ஒருவர் தம் மகனுக்கு எண்ணியிருந்த பாரசீகப் பெயர் என்னை இந்தக் கேள்வியில் கொண்டுவந்து நிறுத்தியது. அந்தப் பெயர் ஜம்ஷீத்.

மாத்தளையிலிருந்து ரத்தோட்டை வழியாக ரிவர்ஸ்டன் ஏறி, பிட்டவல பத்தனையின் புல்வெளியைத் தாண்டி, இலுக்கும்புரவில் இறங்கிப் போனால் லக்கல. நண்பருக்குச் சொந்த ஊர் மாத்தளை. லக்கல புதிய நகரத்தில் ஹார்ட்வெயார் கடை போட்டிருக்கிறார். வாடிக்கையாளர்களில் பெரும்பாலோர் சிங்களக் கமக்காரர்கள். எல்லாருக்கும் அவர் "நானா". நான் போன அன்று அவருடைய பில் புத்தகத்தைத் திருப்பிக் காட்டினார். முன்பக்கத்தில் சீமெந்து மூடை, கம்பி, பெயின்ட் கணக்கு. பின்பக்கத்தில் பெயர்கள். நவாஸ், பைரூஸ், ஆதில், ஸுஹைல் என்று எழுதி ஒவ்வொன்றாக வெட்டியிருந்தார். வெட்டாமல் விட்டிருந்தது ஒன்றுதான். அதன் கீழே இரண்டு கோடு, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி.

"ஏன் நானா இந்தக் கேள்விக்குறி?"

அவர் துபாயில் கட்டட வேலை செய்த காலத்தில் ஜம்ஷீத் என்ற ஈரான்காரர் அவருக்கு மேற்பார்வையாளராக இருந்திருக்கிறார். இவர் காய்ச்சலில் படுத்தபோது அறைக்கே மருந்து வாங்கி வந்து, பக்கத்தில் இருந்து சூப் குடிக்கவைத்துவிட்டுப் போனாராம். ஒருவர் பாஷை மற்றவருக்குத் தெரியாது. "அவர்ட முகம் இன்னும் கண்ணுக்குள்ள நிக்குது, சேர். ஆம்பிளப் பிள்ள பொறந்தா அந்தப் பேர்தான் எண்டு அண்டைக்கே நினைச்சேன்." பிள்ளை பிறந்ததும் சொந்தக்காரர் ஒருவர் அந்தப் பெயரை விசாரித்துப் பார்த்துவிட்டு வந்து தடுத்திருக்கிறார். ஜம்ஷீத் பழைய பாரசீக ராஜாவாம். கடவுள் நான்தான் என்கிற அளவுக்குக் கர்வம் பிடித்து, கடைசியில் வாளால் அறுபட்டுச் செத்தவனாம். "கெட்டுப்போன ராஜாட பேர் எண்டு உம்மாவும் பயப்படுறா. நீங்க என்ன சொல்றீங்க, சேர்?"

சொந்தக்காரர் சொன்னதில் பொய் இல்லை. ஆனால் அவர் கதையின் கடைசிப் பக்கத்தை மட்டும் சொல்லியிருந்தார்.

ஜம்ஷீத் என்ற பெயரின் பழைய வடிவம் பாரசீகர்களின் மூத்த வேதமான அவெஸ்தாவில் இருக்கிறது: யிம க்ஷயேத. க்ஷயேத என்றால் ஒளிர்கின்ற. பாரசீக மொழியில் சூரியனைக் குர்ஷீத் என்கிறார்களே, அதிலும் இருப்பது இதே ஷீத்தான். யிம யார் என்பதுதான் தமிழ் வாசகரைத் திகைக்க வைக்கும். அவெஸ்தாவில் யிமனின் தந்தை விவங்ஹந்த். ரிக் வேதத்தில் யமனின் தந்தை விவஸ்வான். ஒரு காலத்தில் ஒன்றாக இருந்த மக்கள் இரண்டாகப் பிரிந்தபோது, இரு பக்கமும் எடுத்துச் சென்ற ஒரே பெயர் இது. இந்தியப் பக்கம் வந்த யமன், இறந்த மனிதரில் முதல்வன். இறந்தோர் போகும் பாதையை முதலில் கண்டவன். பிறகு அந்த உலகத்துக்கே அரசன். ஈரான் பக்கம் போன யிமன் சாவே இல்லாத பொற்காலத்தின் அரசன். அவன் ஆட்சியில் கடுங்குளிர் இல்லை, வெப்பம் இல்லை, முதுமை இல்லை. உயிர்கள் பெருகி இடம் போதாமல் போக, அவன் பூமியை மூன்று முறை விரித்தான். உலகை அழிக்கும் பனிக்காலம் வரப்போகிறது என்று அறிந்ததும், மனிதர், விலங்கு, செடி எல்லாவற்றின் வித்துகளையும் காக்க ஓர் அடைப்பு கட்டினான்.

கி.பி. 1010இல் ஃபிர்தௌசி எழுதி முடித்த ஷாநாமாவில் இந்தக் கதை முழுமையாக வளர்ந்து நிற்கிறது. அங்கே ஜம்ஷீத் இரும்பை உருக்கிக் கருவி செய்தவன், நூல் நூற்கவும் நெய்யவும் தைக்கவும் சொல்லிக் கொடுத்தவன், மருந்தையும் நறுமணத்தையும் கண்டவன், கப்பல் ஓட்டியவன். மணிகள் பதித்த அவன் சிம்மாசனத்தை அரக்கர்கள் வானத்தில் தூக்கிச் சென்ற நாள்தான் நவ்ரூஸ், பாரசீகப் புத்தாண்டு. இன்றும் மார்ச் மாதத்தில் சூரியன் நடுக்கோட்டைக் கடக்கும் வேளையில் ஈரானிலும் ஆப்கானிஸ்தானிலும் மத்திய ஆசியாவிலும் கொண்டாடப்படும் பண்டிகை அது.

பிறகுதான் வீழ்ச்சி. உலகில் என்னைத் தவிர யாரையும் அறியேன் என்று அவன் சபையில் சொன்ன அன்று, அரசர்மேல் தங்கும் தெய்வ ஒளி அவனை விட்டு நீங்கியது. அவெஸ்தாவில் அந்த ஒளி பறவை வடிவில் பறந்துபோகிறது. தோள்களில் பாம்புகள் முளைத்த ஸஹ்ஹாக் நாட்டைப் பிடித்தான். நூறு ஆண்டு ஒளிந்து திரிந்த ஜம்ஷீத் கடைசியில் அகப்பட்டு ரம்பத்தால் இரண்டாக அறுக்கப்பட்டான்.

நண்பரின் உம்மா பயந்தது இந்த முடிவுக்குத்தான். அந்தப் பயத்தை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. இஸ்லாமிய மரபில் பெயரின் பொருளுக்கு இருக்கும் கனம் பெரிது. ஏழாம் நாள் முடி இறக்கிப் பெயர் வைப்பது நல்வழக்கம். கெட்ட பொருளுள்ள பெயர்களை நபிகள் நாயகம் மாற்றியதற்கு ஹதீஸ்களில் பல சான்றுகள் உண்டு. ஹஸ்ன், அதாவது கரடுமுரடு, என்ற பெயர் கொண்ட ஒருவரை ஸஹ்ல், எளிமை, என்று மாற்றிக்கொள்ளச் சொன்னார்கள். தந்தை வைத்த பெயரை மாற்றமாட்டேன் என்றார் அவர். அந்தக் கடுமை எங்கள் குடும்பத்தை விட்டுப் போகவே இல்லை என்று அவருடைய பேரனே பின்னாளில் வருந்தியதாகப் பதிவாகியிருக்கிறது. பெயர் மனிதனைத் தொடும் என்ற நம்பிக்கை வெறும் மூடநம்பிக்கை அல்ல. ஒரு நாளைக்கு நூறு முறை காதில் விழும் சொல் மனத்தில் ஒன்றும் செய்யாது என்று யாரால் சொல்ல முடியும்?

தமிழ் வீடுகளிலும் இதே அச்சம் வேறு வேடத்தில் இருந்தது. பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீட்டில் அடுத்த பிள்ளைக்குப் பிச்சை, குப்பன், மண்ணாங்கட்டி என்று பெயர் வைத்தார்கள். பிச்சையாக வந்ததையும் குப்பையில் கிடந்ததையும் யமன் தொடமாட்டான் என்பது அவர்கள் கணக்கு. அதே தமிழர்கள் யமனின் பெயரையே பிள்ளைக்கு வைத்ததும் உண்டு. தர்மராஜா என்ற பெயர் மலையகத்திலும் யாழ்ப்பாணத்திலும் மட்டக்களப்பிலும் எத்தனை பேருக்கு! பாண்டவரில் மூத்தவரை எண்ணித்தான் பலரும் வைக்கிறார்கள். ஆனால் அவர் தருமதேவதையின் மகன். தருமராசன் என்பது யமனுக்கே உரிய பெயர். மரணத்தின் அதிபதியை, அவன் நீதி தவறாதவன் என்ற பக்கத்திலிருந்து பார்த்து, அந்தப் பெயரைத் தொட்டிலில் இட்டார்கள். பெயரில் எந்தப் பக்கத்தை எடுப்பது என்பதை அவர்கள் தெரிந்தே முடிவு செய்தார்கள்.

லக்கலப் பக்கம் வாழ்கிறவர்களுக்கு இதைவிட நெருக்கமான சான்று கண்ணுக்கு எதிரிலேயே நிற்கிறது. நக்கிள்ஸ் மலைத்தொடரில் மீமுரே கிராமத்துக்கு மேலே கூம்பாக எழும் சிகரம் லக்கேகல. இராவணன் தன் வான ஊர்தியான தண்டு மொனரவை அங்கிருந்துதான் ஓட்டினான் என்பது ஊர்க் கதை. வானில் ஏறிய சிம்மாசனம், அளவற்ற கலையறிவு, செழித்த நாடு, கர்வம், வீழ்ச்சி: ஜம்ஷீத்தின் வரலாற்றில் எது இராவணன் கதையில் இல்லை? இருந்தும் இந்த நாட்டுத் தமிழர்கள் பிள்ளைக்கு இலங்கேஸ்வரன் என்று ஆசையோடு பெயர் வைக்கிறார்கள். தோற்றவன் பெயர் ஆயிற்றே என்று யாரும் நடுங்குவதில்லை. வீணை மீட்டியவன், சிவனைப் பாடியவன், இந்த மண்ணை ஆண்டவன் என்பதை முன்னால் வைத்து, வீழ்ந்ததையும் மறக்காமல் வைத்துக்கொள்கிறார்கள்.

பாரசீகம் நமக்கு அந்நியம் என்ற எண்ணமும் சரியல்ல. சீனக் கடற்தளபதி செங் ஹே இலங்கைக்குக் கொண்டுவந்து நிறுத்திய கல்வெட்டு 1409ஆம் ஆண்டுக்குரியது. சீனம், தமிழ், பாரசீகம் என்று மூன்று மொழி அதில். சீனத்தில் புத்தருக்கும், தமிழில் தெனாவரை நாயனாருக்கும், பாரசீகத்தில் இறைவனுக்கும் காணிக்கை சொல்லியிருக்கிறது. 1911இல் காலியில் கிடைத்த அந்தக் கல் இன்று கொழும்புத் தேசிய அரும்பொருளகத்தில் இருக்கிறது. இந்துமாக்கடல் வணிகர்களின் பொதுமொழியாகப் பாரசீகம் இருந்த காலத்தின் சாட்சி அது. அந்தக் காலம் நம் நாவிலும் மிச்சம் வைத்துவிட்டுப் போயிருக்கிறது. பள்ளிவாசலில் சொல்லும் பாங்கு பாரசீகச் சொல். தர்கா, கந்தூரி, கடைத் தராசு எல்லாமே அங்கிருந்து வந்தவை. நண்பர் வெட்டிப்போட்ட நவாஸும் பைரூஸும்கூடப் பாரசீகம்தான். ஒளி என்று பொருள்படும் ரோஷன் பாரசீகப் பெயர் என்று தெரியாமலே சிங்கள வீடுகள் அதைத் தங்களுடையதாக்கிக் கொண்டன. 1996இல் உலகக் கிண்ணம் வென்ற இலங்கைக் கிரிக்கெட் அணியில் ரோஷன் மஹாநாம இருந்தார். இந்த வரிசையில் ஜம்ஷீத் அரிதாகக் காதில் விழுகிற பெயர், அவ்வளவுதான்.

ஒரு பெயர் தான் பிறந்த இடத்தை விட்டு எவ்வளவு தூரம் போய் எவ்வளவு புதிதாக நிற்க முடியும் என்பதற்கு ஜம்ஷீத்தே சாட்சி. ஈரானில் முதலாம் தாரியஸ் எழுப்பிய மாநகரின் இடிபாடுகளை, கட்டியவனை மறந்துவிட்ட பிற்கால மக்கள் தக்தே ஜம்ஷீத், ஜம்ஷீத்தின் சிம்மாசனம், என்று அழைத்தார்கள். இந்தியாவில் பார்சி குடும்பத்தில் 1839இல் பிறந்த ஒரு பிள்ளைக்கு அதே அரசனின் பெயர் வாய்த்தது: ஜம்ஷெட்ஜி டாட்டா. உருக்காலை அமைக்க வேண்டும் என்ற கனவோடு அவர் 1904இல் கண்மூடினார். அவர் மறைவுக்குப் பின் சாக்சி என்ற கிராமத்தில் ஆலை எழுந்தது. 1919இல் அந்த ஊருக்கு ஜம்ஷெட்பூர் என்று பெயரிட்டார்கள். மனிதருக்கு இரும்பைக் கற்பித்ததாகக் கதை சொல்லும் அரசனின் பெயர், இந்தியாவின் இரும்பு நகரத்தின்மேல் போய் அமர்ந்தது. இன்று ஜம்ஷெட்பூர் என்று கேட்டால் கர்வமும் ரம்பமும் யார் நினைவுக்கு வருகின்றன? உலைதான் நினைவுக்கு வருகிறது, உழைப்பு நினைவுக்கு வருகிறது. பெயரின் பொருளைப் பெயர் கொண்டவர் திருத்தி எழுதிவிட்டார்.

லக்கலவுக்கும் இப்படி ஒரு கதை உண்டு. மொரகஹகந்த – களு கங்கைத் திட்டத்தில் களு கங்கை நீர்த்தேக்கம் 2018இல் நிரம்பத் தொடங்கியபோது பழைய பல்லேகம நகரம் தண்ணீருக்குள் போனது. கடைவீதியும் காரியாலயங்களும் புதிய நகரத்தில் எழுந்தன. ஊரின் பெயர் மட்டும் முழுசாக வந்து சேர்ந்தது. புதிய நகரத்தில் கடை திறக்கிறவர், பள்ளிக்குப் பிள்ளையை அனுப்புகிறவர், பஸ் பிடிக்கிறவர் அந்தப் பெயருக்குள் தினமும் புதிய வாழ்க்கையைப் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். நண்பரின் கடையும் அதில் ஒன்று.

ஆகவே அவருக்கு நான் சொன்னது இதுதான். பெயருக்கு இரண்டு பொருள் உண்டு. ஒன்று, வந்த வழியில் சேர்ந்தது: ஒளிர்கின்றவன் என்ற சொல்லும், அந்த அரசனின் மேன்மையும் வீழ்ச்சியும். மற்றது, கொடுத்தவர் மனத்தில் இருப்பது: காய்ச்சலில் கிடந்த அந்நியனுக்குச் சூப் ஊட்டிய ஒரு மனிதரின் முகம். இரண்டாவதை நீங்கள் தேர்ந்தெடுத்துவிட்டீர்கள். முதலாவதை மறைக்காதீர்கள், அதற்குப் பயப்படவும் வேண்டாம். குறையே இல்லாத பெயரைத் தேடினால் மனிதர் யார் பெயரையும் வைக்க முடியாது. வீழ்ச்சியும் சேர்ந்த பெயர் பிள்ளைக்குக் கேடு செய்யாது. தெரிந்து வைத்தால் காவலாகவே நிற்கும். கர்வத்தால் ஒளியை இழந்தவனின் பெயரைச் சுமக்கிறவனுக்குக் கர்வம் எதைப் பறிக்கும் என்பது மற்றவர்களைவிட நன்றாகத் தெரிந்திருக்க வேண்டும்.

மார்க்கம் சம்பந்தமாகப் பள்ளிவாசல் மௌலவியிடமும் ஒரு வார்த்தை கேட்கச் சொன்னேன். பொருள் நல்லதாக இருந்து, இணைவைப்பு எதுவும் இல்லாவிட்டால் பிறமொழிப் பெயருக்குத் தடையில்லை என்று அவரும் சொன்னாராம். ஏழாம் நாள் ஜம்ஷீத் என்றே பெயர் வைத்தார்கள். உம்மாவும் இப்போது அப்படியே கூப்பிடுகிறாராம்.

இனிமேல்தான் அந்த வாப்பாவுக்கு வேலை. பிள்ளை கதை கேட்கும் வயதில் வானில் பறந்த சிம்மாசனத்தைச் சொல்லலாம். பள்ளிக்கூடம் போகும் வயதில் இரும்பையும் நூலையும் கப்பலையும் சொல்லலாம். கூடவே, துபாயில் பாஷை தெரியாத ஒருவருக்காக மருந்து வாங்கி வந்த ஜம்ஷீத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். வீழ்ந்த கதைக்கு அவசரமில்லை. வகுப்பில் முதலாவதாக வந்தோ, கையில் முதல் சம்பளத்தோடு வந்தோ, எல்லாம் என்னால்தான் என்று ஒரு நாள் மகன் நெஞ்சை நிமிர்த்துவான். அன்றைக்கு அவனை உட்கார வைத்து மீதியையும் சொல்லிவிட வேண்டும்.