சிலந்தியை அடிக்கலாமா?

ரமலானை வரவேற்க ஷஃபானிலேயே வீட்டைக் கழுவி ஒட்டடை அடிப்பது நம் இல்லங்களின் நல்ல வழக்கம். ராயபுரம், திருவொற்றியூர், எண்ணூர்ப் பகுதிகளில் இந்த வேலை சற்று அதிகம். துறைமுகத்துக்குப் போய்வரும் லாரிகள் கிளப்பும் தூசி, சிலந்தி விட்டுப்போன வலையில் படிந்து விரைவிலேயே கருத்துத் தொங்கும். அப்போது ஒரு கேள்வி எழுகிறது: கம்பில் சிக்கிய எட்டுக்கால் பூச்சியைக் கொல்லலாமா?

“வேண்டாம், தவ்ர் குகை வாயிலில் வலை பின்னி நம் நாயகத்தை (ஸல்) மறைத்த பிராணியாயிற்றே!” என்பார் ஒருவர். “அது உருமாற்றப்பட்ட ஷைத்தான், கொன்றால் நன்மை” என்பார் இன்னொருவர். வலை இருந்தால் வறுமை வரும் என்போரும் உண்டு. எதை ஏற்பது?

குகை வலைச் செய்தி இமாம் அஹ்மத் (ரஹ்) அவர்களின் முஸ்னதில் வருகிறது. அதை ‘ஹஸன்’ என்ற இமாம்களும் உண்டு. பலவீனமானது என்றோரும் உண்டு. கொல்லச் சொல்லும் அறிவிப்போ, வறுமை பற்றிய அறிவிப்போ ஆதாரமாகக் கொள்ளும் வலுவுடையவை அல்ல. ஹரமிலும் கொல்ல அனுமதிக்கப்பட்ட ஐந்து பிராணிகளில் சிலந்தி இல்லை. கொல்லக் கூடாதென விலக்கப்பட்ட எறும்பு, தேனீ, கொண்டலாத்தி, கீச்சான் ஆகிய நான்கிலும் அது இல்லை.

அப்படியானால் பொதுவிதியைப் பார்க்க வேண்டும். தம்மை ஓர் எறும்பு கடித்ததற்காகப் புற்றையே எரிக்கச் செய்த ஒரு நபியை அல்லாஹ் கண்டித்தான் என்பது புகாரியில் உள்ள செய்தி. கடித்த எறும்புக்காகக் கடிக்காதவற்றை அழித்ததே அங்கே குற்றம். தீங்கு செய்வதை விலக்கலாம். தீங்கற்றதை வீணே கொல்லலாகாது.

நம் வீட்டுச் சிலந்திகள் என்ன தீங்கு செய்கின்றன? மூலையில் நூல் போன்ற கால்களுடன் தொங்கி, தொட்டால் வலையோடு அதிர்ந்தாடும் சிலந்தி, கொசுவைப் பிடித்துத் தின்னும். வடசென்னை மலேரியாவை நன்கறிந்த பகுதி என்பதை நினைவில் கொள்க. இரவில் சுவரில் ஓடும் தட்டையான பெரிய சிலந்தி வலையே கட்டாது. கரப்பான் பூச்சியை வேட்டையாடும். அதன் வயிற்றின் கீழே சில வேளை தெரியும் வெள்ளை வில்லை, குஞ்சு பொரியும்வரை தாய் சுமக்கும் முட்டைப் பை. செருப்பை ஓங்குமுன் இதைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். காரணமின்றி அடிக்கப் பழகும் கை, நாளை மனிதரிடமும் இரக்கம் மறக்கும்.

அதற்காக ஒட்டடையை விட்டுவைக்கச் சொல்லவில்லை. தூய்மை ஈமானில் பாதி. வலையைத் துடையுங்கள், சிலந்தியை ஒரு கிண்ணத்தால் மூடி, அடியில் அட்டையைச் செருகி வெளியே விடுங்கள். உண்மையிலேயே அபாயமானதைக் கொல்வதில் குற்றமில்லை.

வீடுகளில் பலவீனமானது சிலந்தியின் வீடு என்று ‘அல் அன்கபூத்’ சூராவின் 41-ஆம் வசனம் உணர்த்துகிறது. அங்கே பழிக்கப்படுவது சிலந்தியன்று. அல்லாஹ்வை விடுத்து வேறு பாதுகாவலரைத் தேடும் மனிதனே. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது எண்ணெய்க் கழிவு கலந்த வெள்ளம் எண்ணூர்ப் பகுதி வீடுகளுக்குள் புகுந்தது. சிமென்ட்டுச் சுவரும் இரும்புக் கதவும் அதைத் தடுக்கவில்லை. நம் வீட்டின் உறுதி எவ்வளவு என்பதை அன்று கண்டோம். அவ்வளவு பலவீனமான நாம், நம்மிலும் பலவீனமான ஒன்றின் மீது கை ஓங்குமுன் சற்றே சிந்திக்க வேண்டாமா?

படைப்பினங்கள் மீது இரக்கம் காட்டும் நல்லுள்ளத்தை வல்ல ரஹ்மான் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.