கருகுற வாடை

எம்.ஏ. தமிழ் படிக்கும்போது ‘நனவோடை உத்தி’ என்று ஒரு பாடம் நடத்தினார்கள். பிரெஞ்சு எழுத்தாளர் மார்சல் புரூஸ்ட்டின் கதைசொல்லி தேநீரில் நனைத்த கேக்கை வாயில் வைக்கிறான். மறந்துபோன ஊரே திரும்ப வந்துவிடுகிறது. 1913இல் முதல் பாகம் வந்த நாவல். நல்ல விஷயம்தான். ஆனால் நமக்கு ஊர் எதைத் தொட்டுக்கொண்டு வருகிறது?

போன மாதம் ஒரு கூட்டத்துக்காக வேலூர் போயிருந்தேன். பஸ் ஸ்டாண்டு பக்கத்துக் கடையில் போட்டி வறுத்துக்கொண்டிருந்தார்கள். அந்த வாடை மூக்கில் ஏறியதும் சென்னையில் நான் பிறந்த புளியந்தோப்பு வந்துவிட்டது. முதலில் ஆடுதொட்டி. அதைப் பிடித்துக்கொண்டு ஆயாவின் சட்டி. பிறகு பின்னி மில் சங்கு. 1996இல் மில்லை மூடும்வரை அதுதான் எங்க தெருவுக்குக் கடிகாரம். கடைசியில் ஆயாவின் பயம்.

சோறு அடிப்பிடித்தால்கூட ஆயா பதறும். “இன்னாடி கருகுது? வெளிய வந்து பாருங்கடி” என்று தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்தும். ஏன் என்றால் தன் அம்மா சொன்னதைச் சொல்லும். 1921 மில் வேலைநிறுத்தத்தின்போது ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைக்குப் போனார்கள். மோதல் மூண்டது. புளியந்தோப்பில் நம்ம சனத்தின் குடிசைகள் எரிந்தன. தொழிற்சங்க வரலாறு அதை வேலைநிறுத்தமாக நினைவு வைத்திருக்கிறது. ஆயா கருகுற வாடையாக வைத்திருந்தது.

பிறகு எங்கள் வீட்டை இடித்தார்கள். 20 கிலோமீட்டருக்கு அப்பால் கண்ணகி நகரில் கொண்டுபோய் விட்டார்கள். அங்கே ஆயா பழைய கதை எதையும் எடுக்கவில்லை. மறதி நோயெல்லாம் இல்லை. பேர் சொன்னால் ஆள் தெரியும். கதையைக் கிளப்ப அங்கே ஒன்றுமில்லை, அவ்வளவுதான்.

அப்படியானால் நினைவு இருப்பது மண்டைக்குள்ளா, தெருவிலா? பாதி தெருவில்தான் என்கிறேன். ஆகவே நம்மிடமிருந்து தெருவைப் பிடுங்கும்போது சாட்சியத்தையும் சேர்த்துப் பிடுங்குகிறார்கள்.

“அப்ப அந்த நாத்தமும் சேறும் அப்படியே இருக்கணுமா தோழர்?” என்று ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. நாத்தத்துக்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. நல்ல வீடு வேண்டும். இருந்த இடத்திலேயே வேண்டும். எதை வைத்துக்கொள்வது, எதை மறப்பது என்பதை அந்தத் தெருச் சனம் முடிவு பண்ணட்டும்.

ஆயா இப்போது இல்லை. எங்காவது கருகுற வாடை வந்தால் நான்தான் வெளியே வந்து பார்க்கிறேன்.