சேர்ந்து பாடினால் கரைய வேண்டுமா?

ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வகத்துக்குச் சனிக்கிழமை சாயங்காலம் போனால், மேகம் வழிவிட்டால் தொலைநோக்கியில் வானம் பார்க்கலாம். 1986-ல் ராஜீவ் காந்தி வானியலாளர் வைணு பாப்புவின் பெயரைச் சூட்டிய இடம் அது. சனியோ வியாழனோ கண்ணில் படும்போது கெப்ளரை நினைக்காமல் இருப்பது கஷ்டம். 1619-ல் வந்த நூலில் அவர் கோள்களுக்குக் குரல் பிரித்துக் கொடுத்தார்: சனிக்கும் வியாழனுக்கும் அடிக்குரல், புதனுக்கு உச்சக்குரல், மற்றவை நடுவில். இந்தப் பாட்டு காதுக்கல்ல, புத்திக்கு. பல குரலில் பாடக் கற்ற மனிதன் படைத்தவனைக் காப்பியடிக்கிறான் என்பது அவர் கட்சி.

1975-ல் சென்னைத் தொலைக்காட்சி வந்த பிறகு தமிழ் வீடுகளும் அந்தக் காப்பியைப் பார்த்தன. இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசனின் மெட்ராஸ் யூத் கொயர் பாரதி பாட்டைச் சேர்ந்திசையாகப் பாடும். வரிசையாக நிற்பவர்களின் கண்ணெல்லாம் நடத்துநரின் கையில். ஒரு பக்கம் மெட்டைப் பிடித்துக்கொள்ள, இன்னொரு பக்கம் வேறு ஸ்வரங்களில் அதைத் தாங்கும். எம்.பி.எஸ். கம்யூனிஸ்ட், சினிமா வாத்தியக்காரர்களுக்குச் சங்கம் கட்டியவர். சாமி கும்பிட ஆள் சேர்த்தவரல்ல.

ஆனாலும் கூட்டத்துக்குள் ஒருவன் என்ன ஆகிறான் என்பது பழைய சமயக் கேள்விதான். பஜனை மடம் சொல்லும் பதில், கரைந்துபோ. மார்கழி வீதி பஜனையில் எல்லோருக்கும் ஒரே மெட்டு. சுருதி சேராதவரும் அதில் ஒளிந்துகொள்ளலாம், அதுவும் ஒரு கருணைதான். கிறிஸ்தவச் சீர்திருத்தக்காரர் கால்வினின் ஜெனீவா ஆலயத்திலும் ஒற்றை மெட்டுதான். 1939-ல் ஜெர்மன் இறையியலாளர் போன்ஹோஃபர் இன்னும் கறாராக, கூடிப் பாடும் கிறிஸ்தவர்கள் ஒரே மெட்டில் பாட வேண்டும், நடுவே தனிக்குரல் சேர்ப்பது தற்பெருமை என்றார்.

இந்த வழக்கில் ராமானுஜரைச் சாட்சிக்கு அழைக்கலாம். சங்கரருக்குப் பேதம் முடிந்த உண்மையல்ல. ராமானுஜருக்கோ உயிர்கள் இறைவனின் சரீரம்; முக்தி பெற்றாலும் உயிர் உயிராகவே இருக்கும். சேர்ந்திசை நிச்சயமாக அவருடைய விசிஷ்டாத்வைதம். அடிக்குரல்காரர் ஆசைப்பட்டு மெட்டுக்குத் தாவினால் பாட்டே சரிந்துவிடும். தன் வரியை விடவும் கூடாது, பக்கத்துக் குரலைக் கேட்காமல் இருக்கவும் கூடாது. பஜனையில் இந்த இரண்டாவது கடமை அவ்வளவு கண்டிப்பானதல்ல.

அதற்காக இது இலவசமாகக் கிடைக்கும் சுதந்திரம் என்று நினைக்க வேண்டாம். தோடியின் காந்தாரம் ஓரிடத்தில் நிற்காது, அசைந்துகொண்டேயிருக்கும். அதோடு இன்னொரு ஸ்வரத்தை நீட்டிப் பிடித்தால் உரசும். பல குரல் சேர வேண்டுமானால் கமகத்தைக் கொஞ்சம் அடக்கத்தான் வேண்டும். கச்சேரி ரசிகருக்கு இந்த விலை கட்டாது. அவர் கோபத்தில் நியாயம் உண்டு.

2005-ல் இளையராஜா திருவாசகத்தைப் புடாபெஸ்ட் சிம்பொனி இசைக்குழுவோடு வெளியிட்டார். முயற்சிக்குப் பின்னால் நின்றவர் ஒரு கத்தோலிக்கப் பாதிரியார். திருவாசகம் பாடிய மாணிக்கவாசகர் தனியாக நின்று அழுதவர். அந்த அழுகையில் வரும் 'நான்' கோரஸின் வாய்க்கு வரும்போது அது யாருடைய 'நான்' என்று சைவர்கள் இன்னும் உட்கார்ந்து பேசியிருக்கலாம். ஆனால் வயலின் பகுதி நன்றாக இருக்கிறதா என்பதிலேயே பேச்சு நின்றுவிட்டது.